நடித்துக் காட்டிய உண்மை: இனுயிட் மக்களும் கமராவும்

'ஆவணப்படம் என்றால் என்ன?' என்று கேட்டால், 'நடந்ததை நடந்தபடி காட்டுவது' என்று உயர்தர வகுப்பு மாணவர்கள் விடை எழுதுவார்கள். ஆவணப்பட வரலாற்றில் முதற்பெரும் படம் என்று சொல்லப்படும் 'நனூக் ஒஃப் த நோர்த்' (1922) இந்த விடைக்குள் அடங்காது.

கனடாவின் வட கியூபெக்கில், இனுயிட் மக்கள் நடுவே, ரொபர்ட் ஃபிளஹர்ட்டி எடுத்த படம் அது. பணம் போட்டது ஒரு பிரெஞ்சு உரோம வணிகக் கம்பனி. நனூக்காக வருபவரின் உண்மைப் பெயர் அல்லாகரியல்லாக். மனைவியாக வருபவர் அவருடைய மனைவியல்ல. துப்பாக்கி பாவித்துப் பழகிய மக்களை ஈட்டியோடு வேட்டைக்கு அனுப்பினார் ஃபிளஹர்ட்டி. பனிக்கட்டி வீட்டுக்குள் வெளிச்சம் போதாது, கமராவும் பெரிசு. ஆகவே ஒரு பக்கம் திறந்த பாதி வீடு கட்டி, அந்தக் குளிரில் குடும்பம் உறங்கி எழுவதைப் படம்பிடித்தார். இதையெல்லாம் பொறுக்கலாம். அல்லாகரியல்லாக் கிராமபோன் தட்டைக் கடித்துப் பார்க்கும் காட்சியைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. அவருக்குக் கிராமபோன் புதிதல்ல.

அப்படியென்றால் படம் முழுக்கப் பொய்யா? இல்லை. பனிக்கட்டியை வெட்டி அடுக்கும் அந்தக் கையின் வேகம் நடிப்பல்ல. கமராவைப் பராமரிக்கவும் படச்சுருள் கழுவவும் ஒத்தாசையாக நின்றவர்களும் அந்த மக்கள்தான். எதைக் காட்டுவது என்ற இறுதி முடிவு மட்டும் அவர்கள் கையில் இருக்கவில்லை.

இனி, அதே இனத்தவர் வாழும் இன்னோர் ஊர், வடக்கே தொலைவிலுள்ள இக்லூலிக். தங்கட இனுக்டிடூட் மொழியில் நிகழ்ச்சிகள் இல்லை என்பதால், 1975இலும் 1979இலும் வாக்கெடுப்பு நடத்தித் தொலைக்காட்சியே வேண்டாம் என்று சொன்ன ஊர் அது. அவ்வூர்ச் சிற்பி சகரியாஸ் குனுக், 1981இல் மொன்ட்ரியல் நகருக்குப் போய்ச் சிற்பங்களை விற்று, ஒரு வீடியோ கமராவோடு திரும்பினார். 1990இல் நண்பர்களோடு சேர்ந்து 'இசுமா' நிறுவனத்தைத் தொடங்கினார். அந்தச் சொல்லுக்குச் சிந்தனை என்று பொருள்.

அவர்களுடைய 'நுனாவுட்' தொடர் 13 பகுதிகள் கொண்டது. 1940களின் நடுப்பகுதியில் இக்லூலிக் மக்கள் வாழ்ந்த விதத்தைக் காட்டுகிறது. அதுவும் நடித்துக் காட்டியதுதான்! ஆனால் நடித்தவர்கள் ஊர்க்காரர்கள். வழிகாட்டியவர்கள் அந்த வாழ்க்கையை நேரில் கண்ட முதியவர்கள். தோலுடுப்பு வேண்டுமென்றால் யாராவது தைக்க வேண்டும். தைக்கத் தெரியாவிட்டால் மூத்தவர்களிடம் கேட்டுப் படிக்க வேண்டும். மண்வீடும் நாய்வண்டியும் அப்படித்தான். கமராவை ஓட விடுவதற்கு முன்பே பாதி வேலை முடிந்து விடுகிறது. பாதுகாத்தல் என்று நான் விளங்கிக்கொள்வது இதைத்தான். பெட்டிக்குள் போட்டுப் பூட்டி வைக்கும் படச்சுருளை அல்ல.

'அதனார்ஜுவாட்' கதைப்படத்துக்காக இசுமாவின் போல் அபாக், ஒரே பழங்கதையை எட்டு முதியவர்களிடம் கேட்டுப் பதிவு செய்தார். ஒவ்வொருவர் சொன்னதும் ஒவ்வொரு மாதிரி. பாடபேதத்தோடு மாரடித்த எங்களைப் போன்ற தமிழ் ஆசிரியர்களுக்கு இந்த வேலை நன்றாகப் புரியும். முழுக்க இனுக்டிடூட் பேசும் அந்தப் படம் 2001இல் கான் விழாவில் 'கமரா டோர்' விருது பெற்றது. மற்றவர்கள் அடியில் ஓடும் எழுத்தை வாசித்துத்தான் பார்க்க வேண்டியிருந்தது.

நனூக்கைப் பார்ப்பவர்கள் 'நுனாவுட்' தொடரின் முதற் பகுதியையும் கூடவே பாருங்கள். அது ஒரு நாய்வண்டிப் பயணம். அவசரமே இல்லாமல் போகும்.