டான்யூப் கரையில் சைக்கிள், ஒயின், ஒரு நாள் டூர்: 10,000 ரூபாய் கொடுக்கலாமா?



யூரோப் ட்ரிப் ரீல்ஸ்ல இந்தக் காட்சியை நீங்க கண்டிப்பா பார்த்திருப்பீங்க. ஒரு பக்கம் ஆறு, இன்னொரு பக்கம் திராட்சைத் தோட்டம், நடுவுல பத்து பேர் சைக்கிள்ல போறாங்க. அடுத்த ஷாட்ல கையில ஒயின் கிளாஸ். கீழ கமெண்ட்ல ரெண்டு கோஷ்டி. "வாழ்க்கை ஒரு தடவைதான், போயிடு ப்ரோ"ன்னு ஒண்ணு. "இந்தக் காசை எஸ்ஐபில போட்டா 20 வருஷத்துல எவ்வளவு ஆகும் தெரியுமா"ன்னு இன்னொண்ணு.

ரெண்டு பேருமே கணக்குப் போடல. நாம போட்டுப் பார்ப்போம். கணக்கு சுலபமா இருக்க 1 யூரோ = 100 ரூபாய்னு வச்சுக்குவோம். நீங்க போகும்போது அன்னைக்கு ரேட்டைப் போட்டுக்கோங்க.

முதல்ல, இது எந்த இடம்?

இப்படிப்பட்ட டூர் யூரோப்ல பல இடத்துல இருக்கு. நாம எடுத்துக்கப் போறது ஆஸ்திரியாவோட வாஹாவ் பள்ளத்தாக்கு. மெல்க்ல இருந்து க்ரெம்ஸ் வரைக்கும் டான்யூப் ஆத்தங்கரையில சுமார் 36 கிலோமீட்டர். 2000-ல யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியச் சின்னமா அறிவிச்சது. வியன்னாவுல தங்கிக்கிட்டு காலையில டிரெயின் பிடிச்சா, சுமார் ஒரு மணி நேரத்துல போய் இறங்கலாம்.

சைக்கிள் ஓட்டி பல வருஷம் ஆனவங்களும் பயப்பட வேண்டாம். ஆத்தங்கரைப் பாதை பெரும்பாலும் சமதளம். மெல்க்ல ஆரம்பிச்சா ஆறு ஓடுற திசையிலேயே போவீங்க. நடுவுல அக்கரைக்குப் போகணும்னா படகு இருக்கு. ஷ்பிட்ஸ் ஊர்ல இருக்கிற படகுக்கு மோட்டாரே கிடையாது. கம்பியில கட்டியிருப்பாங்க, ஆத்தோட வேகமே தள்ளிக்கிட்டுப் போகும்.

வழியில ட்யூர்ன்ஷ்டைன்னு ஒரு ஊர். மலை மேல ஒரு இடிஞ்ச கோட்டை. சிலுவைப் போர் முடிஞ்சு ஊருக்குத் திரும்பின இங்கிலாந்து ராஜா ரிச்சர்டை 1192-ல பிடிச்சு அடைச்சு வச்சது இங்கதான். அவரை விடுவிக்க 1,50,000 மார்க் வெள்ளி கேட்டாங்க. அதுக்காக இங்கிலாந்து மக்கள் தலையில வருமானத்துலயும் சொத்துலயும் நாலுல ஒரு பங்கு வரி விழுந்துச்சு. ஒருத்தர் போன ட்ரிப்புக்கு ஊரே இஎம்ஐ கட்டின கதை!

100 யூரோவுக்குள்ள என்னென்ன இருக்கு?

வழிகாட்டியோட போற ஒரு நாள் டூர் 100 யூரோன்னு வைங்க. அதாவது 10,000 ரூபாய். உங்க கைக்கு வர்ற சம்பளம் மாசம் 60,000-ன்னா, 22 நாள், நாளுக்கு 8 மணி நேரக் கணக்குல ஒரு மணி நேரத்துக்கு சுமார் 340 ரூபாய் வருது. அப்போ இந்த டூரோட விலை உங்களோட 29 மணி நேர உழைப்பு. கிட்டத்தட்ட நாலு வேலை நாள். இந்த எண்ணை மனசுல வச்சுக்கோங்க.

இப்போ அந்த 100 யூரோவைப் பிரிச்சுப் பாருங்க. டிரெயின் டிக்கெட், சைக்கிள் வாடகை, ரெண்டு இடத்துல ஒயின் டேஸ்டிங், படகுக் கட்டணம். இதெல்லாம் நீங்களே தனியா வாங்கினா எவ்வளவு ஆகும்னு ஒரு பேப்பர்ல கூட்டுங்க. உதாரணத்துக்கு 70 யூரோ வந்தா, மிச்சம் 30 யூரோதான் கைடுக்கு நீங்க கொடுக்கிற உண்மையான விலை.

மியூச்சுவல் ஃபண்ட்ல ரெகுலர் பிளான், டைரக்ட் பிளான் மாதிரிதான் இது. ரெகுலர் பிளான்ல கமிஷன் போகுது. அந்தக் கமிஷனுக்கு நல்ல ஆலோசனை கிடைச்சா அதுல தப்பே இல்ல. எதுக்குக் கொடுக்கிறோம்னே தெரியாம கொடுத்தாதான் நஷ்டம். அப்போ இங்க கைடு என்ன கொடுக்கிறார்?

ஹொய்ரிகர்: கைடோட மதிப்பு தெரியுற இடம்

ஆஸ்திரியாவுல திராட்சை விவசாயி தன் ஒயினைத் தன் வீட்டு முற்றத்துலயே ஊத்திக் கொடுத்து விக்கலாம். 1784-ல பேரரசர் இரண்டாம் ஜோசஃப் போட்ட ஆணையில இருந்து வந்த உரிமை இது. இந்தக் கடைக்குப் பேரு ஹொய்ரிகர். நடுவுல வியாபாரி இல்ல, விவசாயிகிட்ட இருந்து நேரா உங்க கிளாஸுக்கு. சரியான டைரக்ட் பிளான்!

சாப்பாடும் அங்கேயே. ரொட்டி, சீஸ், மிளகாய்ப்பொடி கலந்த சீஸ் மசியல், குளிர்ந்த இறைச்சித் துண்டுகள்னு ஒரு பலகையில அடுக்கிக் கொண்டுவருவாங்க. வாஹாவ் ஆப்ரிகாட் பழத்துக்கும் பேர் போன இடம். பழத்தை உள்ள வச்சு வேகவைச்ச உருண்டை, நம்ம பூரணக் கொழுக்கட்டைக்கு தூரத்துச் சொந்தம். சைவம்னா ஆர்டர் பண்றதுக்கு முன்னாடி ஒவ்வொண்ணுலயும் என்ன இருக்குன்னு கேட்டுக்கோங்க.

ஆனா ஒரு சிக்கல். எல்லா ஹொய்ரிகரும் வருஷம் முழுக்கத் திறந்திருக்காது. முறை வச்சு, சில வாரம் ஒருத்தர், அடுத்த சில வாரம் இன்னொருத்தர்னு திறப்பாங்க. வாசல்ல பசுங்கொத்து தொங்கினா கடை உண்டு. நீங்களா போனா, 12 கிலோமீட்டர் மிதிச்சுட்டு மூடின கதவு முன்னாடி நிக்கலாம். இந்த வாரம் எது திறந்திருக்கு, திரும்பிப் போற டிரெயின் எத்தனை மணிக்கு, டயர் பஞ்சர் ஆனா என்ன பண்றது, இதையெல்லாம் கைடு பார்த்துக்குவார். உங்க 30 யூரோ இதுக்குத்தான்.

மூணு பேரு, ஒரு அபராதம்

டேஸ்டிங்ல மூணு பேரு காதுல விழும். ஷ்டைன்ஃபெடர், ஃபெடர்ஷ்பீல், ஸ்மரக்ட். வாஹாவ் ஒயின் விவசாயிகள் சங்கம் வச்ச தரப் பிரிவுகள் இவை. முதல்ல சொன்னது லேசானது, ஆல்கஹால் அதிகபட்சம் 11.5%. நடுவுல இருக்கிறது 12.5% வரை. ஸ்மரக்ட் 12.5%-ல ஆரம்பிச்சு மேல போகும், விலையும் கூடும்.

இது ஏன் உங்களுக்கு முக்கியம்? ஆஸ்திரியாவுல சைக்கிள் ஓட்டுறவங்களுக்கும் குடி அளவு வரம்பு உண்டு. ரத்தத்துல ஆயிரத்துல 0.8 பங்கு. அதைத் தொட்டாலே அபராதம் 800 யூரோவுல ஆரம்பிக்குது. 80,000 ரூபாய், அதாவது எட்டு டூர் காசு. அதனால வாயில வச்சு ருசி பார்த்துட்டுத் துப்புறதுக்கு வெட்கப்படாதீங்க, டேஸ்டிங்ல அது வழக்கம்தான். குடிக்கிற பழக்கமே இல்லாதவங்க திராட்சை ஜூஸ், ஆப்ரிகாட் ஜூஸ் கேட்டு வாங்கலாம். புக் பண்றதுக்கு முன்னாடியே ஒயின் வேண்டாம்னு சொல்லி, விலை குறையுமான்னும் கேட்டுடுங்க.

பாட்டில் வாங்கணும்னு தோணினா, இந்தியாவுக்குள்ள ஒருத்தர் வரி இல்லாம 2 லிட்டர் மது கொண்டுவரலாம். 750 மில்லி பாட்டில்னா ரெண்டு. மூணாவது பாட்டில்ல கஸ்டம்ஸ் வரி ஆரம்பிக்கும். செக்-இன் பெட்டியில மட்டும்தான் வைக்கணும்.

காசு உண்மையிலேயே ஒழுகுற இடம்

இப்போ பெரிய கணக்குக்கு வருவோம். விமானம், விசா, தங்குற இடம், சாப்பாடு, இந்த டூர் எல்லாம் சேர்த்து ஒரு வார ட்ரிப் 2.5 லட்சம்னு வைங்க. அதுல டூர் வெறும் 4%. எல்லாரும் இந்த 10,000-ஐப் பத்தியே யோசிப்பாங்க. ஓட்டை வேற இடத்துல இருக்கு.

1. பர்சனல் லோன். 2.5 லட்சத்தை 16% வட்டியில 24 மாசத்துக்கு எடுத்தா, இஎம்ஐ சுமார் 12,240. மொத்த வட்டி சுமார் 43,800 ரூபாய். நாலு டூர் காசு, ஒரு கிலோமீட்டர்கூட மிதிக்காமலே போயிடுச்சு. அதே 24 மாசம், மாசம் 10,000 ரூபாயை 6.5% ஆர்டியில போட்டா வரிக்கு முன்னாடி சுமார் 2.56 லட்சம் கையில. ட்ரிப்பும் அதேதான், பள்ளத்தாக்கும் அதேதான். ரெண்டு வருஷம் கழிச்சுப் போறீங்க, அவ்வளவுதான் வித்தியாசம்.

2. கார்டு மார்க்கப். பல கிரெடிட் கார்டுல வெளிநாட்டுச் செலவுக்கு 3.5% மார்க்கப், அதுமேல 18% ஜிஎஸ்டி. மொத்தம் 4.13%. 50,000 ரூபாய் செலவு பண்ணினா 2,065 ரூபாய் சும்மா போகுது. மார்க்கப் இல்லாத கார்டு ஒண்ணு எடுத்துக்கோங்க. மெஷின்ல "ரூபாயா, யூரோவா"ன்னு கேட்டா எப்பவும் யூரோவை அழுத்துங்க. ரூபாய் அழுத்தினா கடைக்காரரோட மெஷின் வச்ச ரேட்டுதான். கிராமத்து ஹொய்ரிகர்ல கார்டு வாங்காத இடமும் உண்டு, அதனால கொஞ்சம் ரொக்கமும் வேணும்.

3. டிசிஎஸ். நம்ம ஊர் ஏஜென்ட்கிட்ட முழு பேக்கேஜ் எடுத்தா, விலையோட டிசிஎஸ்ஸும் கட்டணும். 2025-26 நிதியாண்டுல 10 லட்சம் வரை 5%-ஆ இருந்துச்சு. அந்த விகிதப்படி 2.5 லட்சத்துக்கு 12,500. இந்த விகிதம் பட்ஜெட்ல மாறிக்கிட்டே இருக்கு, புக் பண்ற அன்னைக்குப் பாருங்க. இது செலவு கிடையாது, உங்க வருமான வரிக் கணக்குல வரவாகுற காசு. 2024 அக்டோபர்ல இருந்து கம்பெனியில சொல்லி சம்பள டிடிஎஸ்லயே கழிச்சுக்கலாம். சொல்லாம விட்டா, ரிட்டர்ன் தாக்கல் பண்ணி ரீஃபண்டுக்குக் காத்திருக்கணும்.

4. விசா, இன்ஷூரன்ஸ். ஷெங்கன் விசா கட்டணம் 2024 ஜூன்ல இருந்து 90 யூரோ, விண்ணப்ப மையத்தோட கட்டணம் தனி. விசா மறுத்தா திரும்பி வராது. குறைஞ்சது 30,000 யூரோ மருத்துவ கவர் இருக்கிற இன்ஷூரன்ஸ் கட்டாயம். வாங்கும்போது ஒரு கேள்வி சேர்த்துக் கேளுங்க: "சைக்கிள்ல விழுந்தா கவர் ஆகுமா? குடிச்சிருந்தா?" ரெண்டாவது கேள்விக்குப் பெரும்பாலும் "இல்ல"ங்கிற பதில்தான் வரும்.

கைடோடவா, தனியாவா?

வாஹாவ்ல உங்களுக்கு ஒரே ஒரு நாள்தான் இருக்கு, தனியாப் போறீங்க, முதல் வெளிநாட்டுப் பயணம்னா கைடுக்குக் கொடுக்கலாம். ஒரு நாள் வீணாப் போனா, அந்த நாளுக்கான ஹோட்டல் காசும் விமானக் காசோட ஒரு பங்கும் சேர்ந்தே வீணாப் போகும். 30 யூரோவை விட அது பெருசு.

நாலு ஃப்ரெண்ட்ஸ் சேர்ந்து போறீங்க, ரெண்டு நாள் இருக்குன்னா நீங்களே பண்ணலாம். நாலு பேருக்கு 120 யூரோ, 12,000 ரூபாய் மிச்சம். ஹொய்ரிகர் திறக்கிற தேதியை முன்னாடியே பார்த்துக்கணும், அவ்வளவுதான். அந்த ஒரு மணி நேர வேலைக்கு 12,000 ரூபாய் சம்பளம், நம்ம ஆபீஸ்ல யாரும் தர மாட்டாங்க!

எமர்ஜென்சி ஃபண்டு இன்னும் சேரலைன்னா, கிரெடிட் கார்டு பாக்கி உருண்டுக்கிட்டு இருந்தா, ரெண்டு பதிலுமே வேண்டாம். அதை முடிச்சுட்டு ஆர்டியை ஆரம்பிங்க. இந்த மாதிரி ரெண்டு வருஷத்துல தேவைப்படுற காசை ஈக்விட்டி ஃபண்டுல போடாதீங்க. நீங்க டிக்கெட் போடுற மாசம் பார்த்து மார்க்கெட் விழுந்தா, ட்ரிப்பும் போச்சு, முதலும் குறைஞ்சுது.

சேர்த்த காசுல போறவங்க அந்த 10,000-க்கு குற்ற உணர்ச்சி படவே வேண்டாம். ஏற்கனவே உழைச்ச நாலு நாளைக் கொடுத்து ஒரு நாள் வாங்குறீங்க. லோன்ல போறவங்க இனிமே உழைக்கப் போற நாளையும் சேர்த்துக் கொடுக்கிறாங்க.

உங்க ட்ரிப்போட மொத்த பட்ஜெட், எத்தனை மாசம் கையில இருக்குன்னு கமெண்ட்ல போடுங்க. மாசம் எவ்வளவு ஒதுக்கணும்னு சேர்ந்தே கணக்குப் போடுவோம்!