நகரங்களின் இருள் முகம்
ஈப்போ: நடை வரைபடத்துக்கு வெளியே

மலேசியாவின் ஈப்போவில், பழைய நகரின் நடைப்பாதை, கிந்தா ஆற்றுக்கும் ரயில் நிலையத்துக்கும் இடைப்பட்ட சில தெருக்களுக்குள் அடங்கிவிடுவதால், வழிகாட்டி எவருமின்றிக் கையில் ஒரு வரைபடத்தோடு வெயில் ஏறுமுன் புறப்படுபவர் மதிய உணவுக்குள் அதை முடித்துவிடலாம். வரைபடத்தில் கட்டடங்களின் பெயரும் கட்டிய ஆண்டும் உண்டு. அவற்றை எழுப்பிய பணம் எங்கிருந்து வந்தது, அதை ஈட்டித் தருவதில் மடிந்தவர்கள் யார் என்ற விவரம் இல்லை. மரணமும் வன்முறையும் நிகழ்ந்த இடங்களைக் காணச் செல்லும் பயணத்தை ஆய்வாளர்கள் ‘இருண்ட சுற்றுலா’ என்கின்றனர். லெனன், ஃபோலி என்ற இரு பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் 1996இல் இத்தொடரைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தனர். ஐரோப்பிய நகரங்களில் அத்தகைய நடை பெரும்பாலும் ஒரு சிறையையோ தூக்குமேடையையோ மையமாகக் கொண்டு அமையும். ஈப்போவில் அவ்வாறு ஓரிடத்தில் நின்று பார்த்துவிட முடியாது. நகரின் மாளிகைகள் ஒரு முனையிலும், அவற்றுக்குச் செல்வம் தந்த ஈயச் சுரங்கங்களும் ரப்பர் தோட்டங்களும் மறுமுனையிலும் கிடப்பதால், நடை நகர எல்லையைத் தாண்டியே ஆக வேண்டும்.

தொடங்குவதற்கு ஏற்ற இடம் ரயில் நிலையமே. ஆர்தர் பெனிசன் ஹப்பக் என்ற கட்டடக் கலைஞரின் வடிவமைப்பில் 1914க்கும் 1917க்கும் இடையே எழுந்த இந்த வெண்ணிறக் கட்டடத்தை அதன் குவிமாடங்களுக்காக ‘ஈப்போவின் தாஜ்மகால்’ என்பார்கள். தாஜ்மகால் ஒரு கல்லறை என்பதைப் பட்டம் சூட்டியவர்கள் எண்ணியிருக்க மாட்டார்கள். சிங்கப்பூரிலிருந்து சயாம், அதாவது இன்றைய தாய்லாந்து, எல்லை வரை செல்லும் மேற்குக்கரை ரயில்பாதை இந்நிலையத்தின் வழியே போகிறது. 1942இல் மலாயாவைக் கைப்பற்றிய ஜப்பானியர், தாய்லாந்தின் பான்போங்கிலிருந்து பர்மாவின் தன்பியுசயாட் வரை 415 கிலோமீட்டர் நீளத்துக்கு ஒரு ராணுவ ரயில்பாதையை அமைக்க முனைந்தபோது, மலாயாவின் தென்பகுதித் தோட்டங்களிலிருந்து அள்ளப்பட்ட தமிழர்கள் இந்தப் பாதையில்தான் சரக்குப் பெட்டிகளில் வடக்கே கொண்டுசெல்லப்பட்டனர். ஈப்போ அமைந்துள்ள பேராக் மாநிலத்தின் தோட்டத் தமிழர்களும் அதிலிருந்து தப்பவில்லை.

அவர்கள் ஏன் ஏறினார்கள் என்பதை விளக்கினால்தான் இந்த ரயில் மேடையின் பொருள் புலப்படும். போர் தொடங்கியதும் ரப்பர் ஏற்றுமதி நின்றது. துரைமார் எனப்பட்ட ஐரோப்பிய மேலாளர்கள் ஓடிவிட்டனர். பால் வெட்டும் வேலை இல்லாததால் கூலியும் இல்லை, பர்மாவிலிருந்து வந்துகொண்டிருந்த அரிசியும் இல்லை. நாளுக்கு ஒரு வெள்ளி (டாலர்) கூலி, சாப்பாடு இலவசம், மூன்று மாதத்தில் திரும்பிவிடலாம் என்று ஜப்பானியர் அறிவித்தபோது அதைக் கேட்டவர்கள் பசியில் இருந்தார்கள். போனவர்கள் திரும்பாத செய்தி பரவி ஆள் வராமல் போனபின், இலவசப் படம் காட்டுவதாகக் கூட்டம் கூட்டி, கதவை அடைத்து, லாரியில் ஏற்றிச்சென்ற நிகழ்வுகளும் நடந்தன. மழைக்காலக் காட்டில் வாந்திபேதியும் மலேரியாவும் பரவின. இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட ஆசியத் தொழிலாளர்களில் ஏறத்தாழ 90,000 பேர் மாண்டதாக மதிப்பிடப்படுகிறது. உடன் உழைத்த நேசநாட்டுப் போர்க்கைதிகளில் 12,000க்கும் மேற்பட்டோர் இறந்தனர். கைதிகளுக்குத் தாய்லாந்தின் காஞ்சனபுரியில் ஏறத்தாழ 7,000 கல்லறைகளைக் கொண்ட, புல் வெட்டிப் பராமரிக்கப்படும் மயானம் உண்டு. தோட்டத் தொழிலாளிக்கு அப்படி ஒன்று அமையாததற்குக் காரணம் எளியது: படைவீரனின் பெயர் அவனுடைய ராணுவத்தின் பட்டியலில் இருந்தது, தொழிலாளியின் பெயரோ தோட்டத்துக் கிராணி, அதாவது எழுத்தர், நாள்தோறும் புள்ளியிட்ட செக்ரோல் என்னும் வருகைப் பதிவேட்டோடு நின்றுவிட்டது. நிலையத்துக்கு எதிரே நிற்கும் போர் நினைவுத்தூண் முதல் உலகப்போரில் இறந்தவர்களுக்காக எழுப்பப்பட்டது என்பதையும் இங்கு சேர்த்தே நினைக்க வேண்டும்.

நிலையத்திலிருந்து சில நிமிட நடையில் பர்ச் நினைவு மணிக்கூண்டு. 1874 ஜனவரி 20இல் கையெழுத்தான பங்கோர் உடன்படிக்கை, பேராக் சுல்தானுக்கு ஆலோசனை கூற ஒரு பிரிட்டிஷ் ‘ரெசிடென்ட்’ அமர்த்தப்படுவார் என்றது. சமயமும் மலாய் வழக்கமும் தவிர்த்த அனைத்திலும் அந்த ஆலோசனை கேட்கப்பட்டே தீர வேண்டும் என்பதால் அது ஆலோசனை என்ற பெயரில் வந்த ஆட்சியே ஆகும். முதல் ரெசிடென்டாக வந்த ஜேம்ஸ் வீலர் உட்ஃபோர்ட் பர்ச், இலங்கையில் நெடுங்காலம் அதிகாரியாக இருந்தவர். மலாய்ப் பிரபுக்களின் வரி வசூல் உரிமையைப் பறித்ததோடு, கடனுக்காக அடிமைப்பட்டிருந்தவர்களுக்கு அடைக்கலமும் கொடுத்தார். 1875 நவம்பர் 2 அன்று பாசிர் சாலாக்கில், பேராக் ஆற்றின் மிதவைக் குளியலறையில் இருந்தபோது ஈட்டியால் குத்திக் கொல்லப்பட்டார். இந்தியாவிலிருந்தும் ஹாங்காங்கிலிருந்தும் படைகள் வந்து கிராமங்களை எரித்தன. சுல்தான் அப்துல்லா செஷல்ஸ் தீவுக்கு நாடுகடத்தப்பட்டார். அக்கொலைக்காக மலாய்த் தலைவர்களான மகாராஜா லேலாவும் தாத்தோ சாகோரும் 1877 ஜனவரி 20இல், உடன்படிக்கை கையெழுத்தாகிச் சரியாக மூன்றாண்டு நிறைந்த நாளில், தூக்கிலிடப்பட்டனர்.

1909இல் எழுப்பப்பட்ட இக்கூண்டை அவசரமாகக் கடந்துவிடக் கூடாது. மேலே நான்கு மூலைகளிலும் விசுவாசம், நீதி, பொறுமை, மனத்திண்மை ஆகிய பிரிட்டிஷ் நிர்வாகப் பண்புகளாகக் கற்பிக்கப்பட்ட நான்கு பெண்ணுருவங்கள் நிற்கின்றன. கீழே சுற்றிலும் ஓடும் ஓவியப் பட்டையில் மோசேயும் புத்தரும் ஷேக்ஸ்பியரும் டார்வினும் உள்ளிட்டோர் உலக நாகரிகத்தின் வளர்ச்சியைக் காட்டும் ஊர்வலமாக வருகின்றனர்; நபிகளைக் குறித்த உருவம் மட்டும் பின்னாளில் வண்ணம் பூசி மறைக்கப்பட்டதால், வரிசையில் ஓரிடம் வெற்றிடமாகத் தெரிகிறது. கூண்டை ஒட்டிய சாலையின் இன்றைய பெயர் ஜாலான் தாத்தோ சாகோர். கொல்லப்பட்டவரின் நினைவுச்சின்னமும், அக்கொலைக்காகத் தூக்கிலேறியவரின் பெயர்ப்பலகையும் அருகருகே நிற்பதை வரைபடம் குறிப்பிடுவதில்லை. ஒன்றை இடித்து மற்றொன்றை நிறுவாமல், இரண்டையும் நிற்கவிட்ட நகராட்சியின் முடிவு தற்செயலானதாக இருந்தாலும் அறிவார்ந்தது.

நகர மண்டபத்தை அடுத்துள்ள உயர்நீதிமன்றத்தை அதன் தூண்களுக்காகப் படமெடுப்போர் பலர். அங்குதான் 1992 ஜூலையில், ஈப்போவை அடுத்த புக்கிட் மேராவில் கதிரியக்கக் கழிவை உண்டாக்கிய ஏஷியன் ரேர் எர்த் ஆலையை மூடும்படி குடியிருப்பாளர்களுக்குச் சாதகமான தீர்ப்பு வழங்கப்பட்டது. 1993 டிசம்பரில் உச்சநீதிமன்றம் அதை ரத்து செய்தபோதிலும், அடுத்த மாதமே ஆலை மூடப்பட்டது. இருண்ட வரலாறு என்பது காலனியாட்சியோடு முடிந்துவிடும் என்று எண்ணுபவர்களுக்கு இந்தப் படிக்கட்டு ஒரு திருத்தம்.

பங்ளிமா சந்து பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. ஈயச் செல்வந்தர் ஒருவர் தம் துணைவியருக்குப் பிரித்துக் கொடுத்த சந்துகளில் ஒன்று என்ற கதையை இன்று ஐஸ் விற்பவர் வரை எல்லோரும் சொல்கின்றனர். அருகிலுள்ள ஹான் சின் பெட் சூ அதைவிடப் பயனுள்ளது: லியோங் ஃபீ 1893இல் தொடங்கிய ஹக்கா சுரங்க முதலாளிகளின் சங்கமான அது இன்று அருங்காட்சியகமாக, அபினி, சூது, விலைமாதர், ரகசியக் குழுக்கள் ஆகியவற்றை மறைக்காமல் காட்டுகிறது. அபினி விற்கும் உரிமையை அரசு குத்தகைக்கு விட்டு வருவாய் ஈட்டிய முறை ‘வரிக் குத்தகை’ எனப்பட்டது. குத்தகை எடுத்தவர்கள் பெரும்பாலும் சுரங்க முதலாளிகளே என்பதால், சீனக் கூலிக்குக் கொடுத்த சம்பளம் அபினி வழியாக அவர்களிடமே திரும்பியது. தோட்டத்துக் கள்ளுக்கடையும் தமிழ்த் தொழிலாளியின் சம்பளத்தை இவ்வாறே உறிஞ்சியது. கங்காணி, அதாவது ஊரிலிருந்து ஆள்கட்டி வந்து அவர்களை மேய்க்கும் தலைவன், கப்பற்பயண முன்பணத்தின் பெயரால் வைத்த கடன் வேறு. தமிழ் வாசகர் ஒருவர் இந்தச் சீனச் சங்கத்துக்குள் நுழைந்தால், அயலாரின் கதையைப் பார்ப்பதாக நெடுநேரம் உணர முடியாது.

கிந்தா ஆற்றைக் கடந்தும் நீளும் ஜாலான் சுல்தான் இட்ரிஸ் ஷா, முன்னர் புரூஸ்டர் சாலை எனப்பட்டது. அதன் 141ஆம் எண்ணில், தைப்பிங்கில் பிறந்த தமிழ் மருத்துவர் ஏ.சி. கதிகாசுவும் செவிலியும் மருத்துவச்சியுமான அவருடைய மனைவி சிபில் கதிகாசுவும் 1926 முதல் மருத்துவமனை நடத்தினர். ஜப்பானியர் வந்ததும் அவர்கள் அருகிலுள்ள பாப்பான் என்ற சிற்றூருக்கு இடம்பெயர்ந்து, காட்டிலிருந்து இரவில் இறங்கிவந்த எதிர்ப்புப் படையினருக்கு ரகசியமாகச் சிகிச்சை அளித்தனர். மறைத்து வைத்த வானொலியில் பிபிசி செய்தியும் கேட்டனர். 1943இல் கெம்பெய்தாய், அதாவது ஜப்பானிய ராணுவக் காவல்துறை, இருவரையும் கைதுசெய்தது. சிபிலிடமிருந்து பெயர்களைப் பெறுவதற்காக அவருடைய மகளான சிறுமி டானைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டுக் கீழே தீ மூட்ட முனைந்தனர். சிபில் யாரையும் காட்டிக்கொடுக்கவில்லை. முதுகெலும்பு சிதைந்து நடக்க முடியாத நிலையில் பத்து காஜா சிறையிலிருந்து 1945இல் மீட்கப்பட்டு, பிரிட்டனில் சிகிச்சை பெற்று, ஜார்ஜ் பதக்கமும் பெற்ற சிபில், 1948 ஜூன் 12 அன்று ஸ்காட்லாந்தில் காலமானார். மறுஆண்டு அவருடைய உடல் ஈப்போவுக்குக் கொண்டுவரப்பட்டுச் செயின்ட் மைக்கேல் தேவாலயத்தை அடுத்த கத்தோலிக்கக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டது. பாப்பானில் அவர்கள் வாழ்ந்த 74ஆம் எண் கடைவீடு இன்று பாதுகாக்கப்படுகிறது.

காலால் நடந்து சேரக்கூடிய கடைசி இடம், தைப்பூசக் காவடிகள் சென்று சேரும் கல்லுமலை சுப்பிரமணியர் ஆலயம் அமைந்துள்ள குனோங் சீரோ. 1973 அக்டோபரில் இந்தச் சுண்ணாம்புக் குன்றின் ஒரு பெரும் பகுதி பிளந்து, அடிவாரத்து நீள்வீடுகளின் மீது விழுந்ததில் ஏறத்தாழ நாற்பது பேர் நசுங்கி இறந்தனர். மலையடியில் குடியிருப்பது ஆபத்து என்பது தெரியாததால் அல்ல, வேறு இடத்தில் வாடகை கொடுக்க இயலாததால்தான் மக்கள் அத்தகைய இடங்களில் வாழ்கின்றனர்.

இதற்குமேல் வண்டி வேண்டும். பத்து காஜா அருகில் வில்லியம் கெல்லி ஸ்மித் என்ற ஸ்காட்லாந்துக்காரர் 1915இல் கட்டத் தொடங்கிய மாளிகை, கெல்லி கோட்டை என்ற பெயரில் பேய்க்கதைகளுக்காகவே விளம்பரமாகியுள்ளது. சென்னை மாகாணத்திலிருந்து வரவழைக்கப்பட்ட தொழிலாளர்கள் அதைக் கட்டினர்; 1918இல் பரவிய விஷக்காய்ச்சலில் அவர்களில் பலர் மாண்டதால், தொழிலாளர்களின் வேண்டுகோளை ஏற்றுக் கெல்லி ஒரு மாரியம்மன் கோவில் கட்டிக் கொடுத்தார். 1926இல் அவர் லிஸ்பனில் இறந்ததும் மாளிகை பாதியில் நின்றது. கோவிலின் மேற்கூரையில் தெய்வ உருவங்களுக்கு நடுவே தொப்பியும் சட்டையும் அணிந்த ஒரு வெள்ளைக்காரர் நிற்கிறார். அவர் கெல்லியே என்பர். மாளிகையில் உலவுவதாகச் சொல்லப்படும் ஆவிகள் பெரும்பாலும் கெல்லியும் அவர் குடும்பத்தாருமே ஆவர். காய்ச்சலில் இறந்த சித்தாளுக்கும் கொத்தனாருக்கும் ஆவியாக வரும் உரிமைகூட வழங்கப்படவில்லை. பேய்க்கதை என்பது இருண்ட வரலாற்றின் மலிவுப் பதிப்பு. இறந்தவர்களின் எண்ணிக்கையையும் காரணத்தையும் கேட்கவிடாமல் அது பார்வையாளரைச் சிலிர்க்க வைத்து அனுப்பிவிடுகிறது.

சிபில் இறந்து நான்கு நாள் கழித்து, 1948 ஜூன் 16 அன்று, ஈப்போவுக்கு வடக்கே சுங்கை சிப்புட்டின் எல்பில் தோட்டத்தில் ஐரோப்பிய மேலாளர் ஆர்தர் வாக்கரும், அருகிலிருந்த மற்றொரு தோட்டத்தில் ஜான் அலிசன், இயன் கிறிஸ்டியன் ஆகிய இருவரும் கம்யூனிஸ்ட் கெரில்லாக்களால் சுட்டுக் கொல்லப்பட்டனர். அதையொட்டி அறிவிக்கப்பட்ட அவசரகாலம் 1960 ஜூலை 31 வரை நீடித்தது. மூன்று துரைமாரின் கல்லறைகளும் பத்து காஜா ஹோலி டிரினிட்டி தேவாலய மயானத்தில் உள்ளன; ஆண்டுதோறும் ஜூனில் அங்கு அஞ்சலி செலுத்தப்படுகிறது. அதே அவசரகாலத்தில் தோட்டத்து லயங்கள், அதாவது தொழிலாளர் குடியிருப்பு வரிசைகள், முள்வேலிக்குள் திரட்டப்பட்டன. காட்டிலிருப்போருக்குச் சோறு போய்விடும் என்ற அச்சத்தில், பால் வெட்டப் புறப்படுபவர் உணவுப் பொட்டலம் எடுத்துச் செல்லத் தடை விதிக்கப்பட்டு, வாயிலில் உடல் சோதனையும் நடந்தது. விடியுமுன் பெரட்டு எனப்படும் ஆள்கணக்கெடுப்புக்கு நின்று, பசியோடு மரத்துக்கு மரம் ஓடிய அந்தப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு நினைவுத்தூண் கேட்பவர் யாருமில்லை. தொழிற்சங்கங்களும் அப்போது நசுக்கப்பட்டன. அகில மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவராயிருந்த தமிழர் எஸ்.ஏ. கணபதி, துப்பாக்கி வைத்திருந்த குற்றத்துக்காக 1949 மே 4 அன்று கோலாலம்பூர் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார்.

அவசரகாலத்தின் இறுதி ஆண்டுகளில் வேகமெடுத்த தோட்டத் துண்டாடல், அதாவது பெருந்தோட்டங்களைச் சிறு பகுதிகளாகப் பிரித்து விற்றல், குடியிருப்பையும் வேலையையும் ஒருசேரப் பறித்தது. சுங்கை சிப்புட்டில் பிறந்த அமைச்சர் வீ. தி. சம்பந்தன் 1960இல் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம், தொழிலாளர்களின் சிறுசேமிப்பைக் கொண்டே தோட்டங்களை வாங்கி அதைத் தடுக்க முயன்றது. ஆயினும் ரப்பர் மரம் செம்பனைக்கும், செம்பனை வீடமைப்புத் திட்டங்களுக்கும் இடம் கொடுத்த பின்னர், பல தோட்டங்களின் பெயர் தமிழ்ப்பள்ளியின் பலகையில் மட்டுமே எஞ்சியிருக்கிறது. எல்பில், கிந்தா கெல்லாஸ் போன்ற பெயர்கள் அவ்வாறுதான் இன்றும் புழங்குகின்றன. வரைபடத்தில் தோட்டத்தைத் தேடுபவர் பள்ளியைத் தேடுவதே எளிது.

ஈப்போவிலிருந்து சுங்கை சிப்புட்டுக்கு ரயில் உண்டு. தோட்டங்களுக்குள் செல்ல நிர்வாகத்தின் அனுமதி தேவை. வேலை நாட்களில் போனால் செம்பனை வரிசையும் பூட்டிய கோவிலும்தான் தெரியும் என்பதால், தோட்டத்து மாரியம்மன் திருவிழா நடக்கும் நாளைத் தேர்வது நல்லது. லயம் இடிக்கப்பட்டு வேறு ஊர்களுக்குப் போய்விட்ட குடும்பங்கள் அன்று திரும்பி வருகின்றன. ரயில்பாதை போடச் சயாமுக்குப் போனவர் யார், எந்த லயத்தின் எந்த வீட்டிலிருந்து போனார் என்பதை அவர்களில் முதியோர் சொல்லக் கேட்கலாம்.