ஏழு நாடுகள், ஒரே எழுத்து: சின் பேரரசு நாடகம் காட்டியதும் காட்டாததும்

பாயா ரும்புட் வட்டாரக் கோப்பிக் கடைகளில் சீனப் பெரியவர்கள் ஒரு மேசையில் ஹொக்கியனில் பேசுவார்கள். அடுத்த மேசையில் ஹக்காவோ கந்தோனீசோ கேட்கும். ஒருவர் பேச்சு மற்றவருக்குப் புரிய வேண்டும் என்பதில்லை. ஆனால், சீன நாளிதழ் எல்லோருக்கும் ஒன்றுதான். இதன் வேர், 2,200 ஆண்டுகளுக்கு முன் ஒரு மன்னர் இட்ட கட்டளையில் இருக்கிறது. அவருடைய கதையைத்தான் 2020 டிசம்பரில் சீன அரசுத் தொலைக்காட்சி 78 பாகங்களாக ஒளிபரப்பியது. சின் பேரரசைப் பற்றி 2009 முதல் வந்த தொடர்களில் இது நான்காவது. சீனா என்ற பெயரே ‘சின்’ என்பதிலிருந்து வந்தது என்பது பல அறிஞர்களின் கருத்து.

கதை நாயகன் யிங் செங் கி.மு. 259-இல் எதிரி நாடான ஜாவில் பிறந்தவர். தந்தை அங்கே பிணையாக வைக்கப்பட்டிருந்த சின் இளவரசர். யிங் செங் 13 வயதில் அரியணை ஏறியபோது, ஆட்சியை நடத்தியவர் வணிகராக இருந்து முதலமைச்சரான லூ புவெய். நாற்பது வயது நடிகர் சாங் லூயியே அந்தச் சிறுவனாகவும் நடித்தது சீனாவில் கேலிக்குள்ளானது. கல்லூரி மாணவராக வரும் தமிழ்ப்பட நாயகர்களைப் பார்த்துப் பழகியவர்களுக்கு இது பெரிய குறையாகத் தெரியாது.

கி.மு. 230-இல் ஹான் நாடு வீழ்ந்தது. ஜாவ், வெய், சூ, யென் ஒன்றன்பின் ஒன்றாகச் சாய்ந்தன. கி.மு. 221-இல் சி நாடு சரணடைந்ததும், யிங் செங் தம்மை முதல் பேரரசர் என அறிவித்தார்.

உண்மையான வேலை அதன் பிறகுதான். ஒரே சொல்லை ஒவ்வொரு நாடும் வெவ்வேறு வடிவில் எழுதியது. தலைநகரிலிருந்து போகும் ஆணையைத் தொலைதூர அதிகாரி எப்படிப் படிப்பார்? அமைச்சர் லி சி சின் நாட்டு எழுத்தைச் சீர்செய்து பொதுவாக்கினார். எடை, அளவு, நாணயம், வண்டி அச்சின் அகலம்கூட ஒன்றாயின. இன்றைய சீன எழுத்து அந்த வழியில் வந்ததே.

அதே நூற்றாண்டில் அசோகரின் பாறைக் கல்வெட்டு சோழரையும் பாண்டியரையும் தம் ஆட்சிக்கு வெளியே உள்ளவர்களாகக் குறிப்பிடுகிறது. தமிழகம் மூவேந்தரிடம் பிரிந்தே கிடந்தது. ஆனாலும், மதுரை அருகே மாங்குளத்தில் உள்ள பாண்டியர் காலக் கல்வெட்டும் கரூர் அருகே புகளூரில் உள்ள சேரர் கல்வெட்டும் ஒரே தமிழி எழுத்தில்தான் உள்ளன. எல்லாரையும் வென்ற ஒரு பேரரசர் இல்லாமலேயே அது நடந்தது.

நாடகம் வெற்றியோடு நின்றுவிடுகிறது. எழுத்தை ஒன்றாக்கிய அதே லி சி, கி.மு. 213-இல் நூல்களை எரிக்கச் சொன்னவர். மருத்துவம், வேளாண்மை, குறி சொல்லும் நூல்கள் தப்பின. தோற்ற நாடுகளின் வரலாற்று ஏடுகள் தீக்கிரையாயின. இந்தப் பக்கத்தைத் தொடாமல் பேரரசரைப் புகழ்வதாகச் சீன ரசிகர்களே குறைகூறினர். இணையத்தில் உயர்வாகத் தொடங்கிய மதிப்பெண்ணும் சரிந்தது. அவர் கி.மு. 210-இல் இறந்த நான்கு ஆண்டுகளுக்குள் சின் வம்சம் அழிந்தது.

நாடகத்தைப் பார்க்க நினைப்பவர்கள் 2009 தொடரிலிருந்து தொடங்குவது நல்லது. கடுமையான சட்டங்களை எழுதி, கடைசியில் அவற்றிடமே சிக்கி மாண்ட ஷாங் யாங் என்ற அமைச்சரின் கதை அது.