ஊரார் வைத்த பெயர்கள்

1843-இல் ராபர்ட் ஷூமான், லைப்ஸிக்கில் தான் தொடங்கிய இசைப் பத்திரிகையில், நண்பர் மெண்டல்சனின் புதிய சிம்பொனிக்கு விமர்சனம் எழுதினார். அந்தத் தலைமுறையின் ஆகக் கூர்மையான காதுகளில் ஒன்று ஷூமானுடையது. இந்த இசை கேட்பவரை இத்தாலியின் வானத்தின் கீழ் கொண்டுபோய் நிறுத்துகிறது என்று உருகினார். இத்தாலியைப் பார்க்கக் கொடுத்துவைக்காதவர்கள் இதைக் கேட்டு ஆறுதல் அடையலாம் என்ற பொருளில் எழுதினார். அவர் எழுதியது மெண்டல்சனின் மூன்றாவது சிம்பொனியைப் பற்றி. இன்று உலகம் முழுக்க அதற்குப் பெயர் 'ஸ்காட்டிஷ்'.

மெண்டல்சன் ரோமில் இருந்தபோது இந்த சிம்பொனிக்கு வித்திட்டார் என்று யாரோ ஷூமானிடம் சொல்லியிருந்தார்கள். அது வேறு சிம்பொனி, 'இத்தாலியன்'. உண்மையில் இது முளைத்த இடம் எடின்பரோ. 1829 ஜூலையில், 20 வயது மெண்டல்சன், ஹோலிரூட் அரண்மனையை ஒட்டிய இடிந்த தேவாலயத்தைப் பார்த்துவிட்டு வந்து முதல் சில அடிகளைக் குறித்துவைத்தார். என் ஸ்காட்டிஷ் சிம்பொனியின் தொடக்கம் கிடைத்துவிட்டது என்று வீட்டுக்குக் கடிதமும் போட்டார். முடிக்க 1842 ஆகிவிட்டது. அச்சுக்குக் கொடுத்தபோது ஸ்காட்லாந்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. பெயர் இல்லாத பிரதியைப் பார்த்த ஷூமானுக்கு, காதில் விழுந்திருந்த பேச்சே பெயராகிவிட்டது.

அவரைக் குறை சொல்ல நமக்குத் தகுதியில்லை. இரண்டாம் பகுதியில் கிளாரினெட் எடுக்கும் துள்ளல் மெட்டைக் கேட்டதும் நமக்கு ஸ்காட்லாந்தின் மலையும் பேக்பைப்பும் தெரிகின்றன. உறையில் 'ஸ்காட்டிஷ்' என்று படித்துவிட்டுத்தானே கேட்கிறோம்! இசை தொடங்குவதற்கு முன்பே பெயர் காதுக்குள் போய் இடம் பிடித்துவிடுகிறது. அதனால்தான் ஒரு சிம்பொனியின் பெயரைப் பார்த்தவுடன், இதை யார் வைத்தது, எப்போது வைத்தது என்று கேட்டுவிடுவது நல்லது என்கிறேன்.

ஹைடனின் பெயரில் எண்ணிட்டவை மட்டுமே 104 சிம்பொனிகள். எந்த ரசிகரால் எண்ணையும் சுருதியையும் நினைவு வைத்துக்கொள்ள முடியும்? ஆகவே பெயர்கள் குவிந்தன. 82-ஆவதன் கடைசிப் பகுதியில் கரடியாட்டத்து இசை போல அடியில் ஒரே சுரம் ரீங்கரிக்கிறது. அது 'கரடி' ஆயிற்று. 83-ஆவதில் ஓபோ கொத்திக் கொத்தி வாசிப்பதால் 'கோழி'. இரண்டும் ஹைடன் வைத்தவை அல்ல. 48-ஆவது 'மரியா தெரேசா'. 1773-இல் பேரரசி, ஹைடனின் எஜமானருடைய எஸ்டர்ஹாசா மாளிகைக்கு வந்தபோது வாசித்தது என்று நம்பி அப்படி அழைத்தார்கள். பிற்பாடு 1769 என்று தேதியிட்ட கைப்பிரதி ஒன்று கிடைத்தது. பேரரசி வருவதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பே அந்த இசை இருந்திருக்கிறது! பெயர் மட்டும் இன்னும் போகவில்லை.

ஆனால் 45-ஆவது சிம்பொனிக்கு 'விடைபெறல்' என்ற பெயர் முழுக்கப் பொருந்தும். அந்த எஜமானர் நிக்கோலாஸ் எஸ்டர்ஹாசி இளவரசருக்குத் தன் புது கோடை மாளிகை மீது அவ்வளவு ஆசை; 1772-இல் கோடை முடிந்தும் அங்கிருந்து கிளம்ப மனமில்லை. இசைக்கலைஞர்களில் பெரும்பாலோரின் மனைவி மக்கள் தொலைவில், ஐஸன்ஸ்டாட் நகரில். எஜமானரிடம் நேரில் போய் லீவு கேட்கிற காலமா அது? ஹைடனிடம் வந்து முறையிட்டார்கள். ஹைடன் எழுதியதோ அந்நாளில் சிம்பொனிக்கு யாரும் தொடாத எஃப் ஷார்ப் மைனரில். அந்தச் சுருதிக்கு ஹார்ன் வாத்தியத்தில் பொருத்தத் தனிக் குழாய்த் துண்டுகளே செய்ய வேண்டியிருந்தது. கடைசிப் பகுதி சீறிக்கொண்டே போய், முடியப்போகிறது என்று நினைக்கும் இடத்தில் சட்டென நின்று, ஒரு மெதுவான நடைக்கு மாறுகிறது. அங்கிருந்து வாத்தியங்கள் ஒவ்வொன்றாக ஓய்கின்றன. முதலில் ஓர் ஓபோவும் ஒரு ஹார்னும். அப்புறம் பாசூன். அப்புறம் மிஞ்சிய ஓபோவும் ஹார்னும். டபுள் பாஸ் ஒரு நீண்ட பத்தி வாசித்துவிட்டு நிறுத்துகிறது. செல்லோக்கள், வயலின்கள், வயோலாக்கள். தன் பங்கு முடிந்தவர் ஸ்டாண்டில் இருந்த மெழுகுவத்தியை அணைத்துவிட்டு எழுந்து போனார். மிஞ்சியவை இரண்டே வயலின்கள்: ஒன்று ஹைடன், இன்னொன்று தலைமை வயலின் கலைஞர் டொமாசினி. இளவரசருக்குப் புரிந்தது, மறுநாளே மூட்டை கட்டினார்கள் என்று ஹைடன் முதுமையில் தன் வரலாற்றை எழுதியவர்களிடம் சொன்னார். இங்கே பெயரை எடுத்துவிட்டாலும் விடைபெறல் அப்படியே இருக்கும், ஸ்வரத்திலேயே எழுதியிருக்கிறதே.

94-ஆவதன் கதி நேர் எதிர். 1792 மார்ச் 23 அன்று லண்டனில் முதலில் வாசித்தபோது, இரண்டாம் பகுதியின் சின்ன மெட்டு மெல்ல வந்து, இன்னும் மெல்லத் திரும்பவும் வந்து, திடீரென மொத்த இசைக்குழுவும் டிம்பனியோடு ஓங்கி அடித்தது. தூங்குபவர்களை எழுப்பவா என்று பின்னாளில் கேட்டதற்கு ஹைடன் இல்லை என்றார். புதிதாக ஏதாவது செய்து மக்களை வியக்கவைக்க நினைத்தேன் என்றார். அவருடைய மாணவர் ப்ளெயெலும் அதே பருவத்தில் போட்டியாகக் கச்சேரிகள் நடத்திக்கொண்டிருந்தார். அந்த சிம்பொனிக்கு 'சர்ப்ரைஸ்' என்று பெயர் வைத்து, வியப்பை முன்கூட்டியே சொல்லிவிட்டார்கள். அன்றைய லண்டன் சபையினர் கேட்டபடி நம்மால் அதை இனிக் கேட்கவே முடியாது. எனக்கு இது பெரிய இழப்பாகவே படுகிறது.

மோட்சார்ட்டின் கடைசி சிம்பொனி 1788 ஆகஸ்ட் 10-இல் முடிந்தது. 'ஜூபிடர்' என்ற பெயரை அவர் கேட்டதே இல்லை. அது ஹைடனை லண்டனுக்கு அழைத்துவந்த கச்சேரி ஏற்பாட்டாளர் சாலமன் வைத்தது என்று மோட்சார்ட்டின் மகன் 1829-இல் ஆங்கிலேய இசைப் பதிப்பாளர் நாவெல்லோ தம்பதியிடம் சொல்லியிருக்கிறார். விளம்பரத்துக்குப் பெயர் தேடிய ஏற்பாட்டாளர்கள் இன்னும் உண்டு. மாலரின் எட்டாவதை 1910-இல் ம்யூனிக்கில் மேடையேற்றிய குட்மான் 'ஆயிரம் பேரின் சிம்பொனி' என்று அறிவித்தார். மேடையில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் இருந்தது உண்மை. மாலருக்கு அது பிடிக்கவில்லை என்பதும் உண்மை.

படைத்தவரே பெயர் வைத்தால் பிரச்சினை தீர்ந்ததா? சில சமயம் தீரும். பீத்தோவனின் 'பாஸ்டரல்', நியூயார்க்கில் டுவோர்ஷாக் தன் கையாலேயே எழுதிக்கொடுத்த 'புதிய உலகிலிருந்து', 2025 மார்ச் 8 அன்று லண்டனில் நம் இளையராஜா மேடையேற்றிய 'வேலியண்ட்' எல்லாம் இந்த வகை. இவற்றைப் பெயரோடு சேர்த்தே கேட்கலாம். ஆனால் வைத்த பெயரைத் திரும்ப எடுத்துக்கொண்டவர்களும் இருக்கிறார்கள். மாலர் தன் முதல் சிம்பொனியை 1893-இல் ஹாம்பர்கில் 'டைட்டன்' என்று அறிவித்தார். 1896-இல் பெர்லினில் பெயரையும் விளக்கங்களையும் ஒரு முழுப் பகுதியையும் சேர்த்தே நீக்கினார். இன்றும் இசைத்தட்டு உறைகளில் 'டைட்டன்' என்றே போடுகிறார்கள். வேண்டாம் என்று படைத்தவரே சொன்ன பிறகும் இது தொடர்வது எனக்கு உடன்பாடில்லை.

பீத்தோவனின் மூன்றாவது சிம்பொனிக்கு வருவோம். வியன்னாவில் இசை நண்பர்கள் சங்கத்தின் காப்பகத்தில் அதன் கைப்பிரதி ஒன்று இருக்கிறது. பிரதி எடுப்பவர் எழுதி, பீத்தோவன் திருத்தியது. முதல் பக்கத்தில் 'பெரும் சிம்பொனி' என்ற வரி. அதற்குக் கீழே, போனபார்ட் என்ற பெயர் இருந்த இடத்தைச் சுரண்டிச் சுரண்டித் தாளே ஓட்டையாகிவிட்டது. நெப்போலியன் 1804 மே மாதம் தன்னைப் பேரரசன் என்று அறிவித்த செய்தியை மாணவர் ரீஸ் கொண்டுவந்ததும், பீத்தோவன் கொதித்துப்போய் தலைப்புத் தாளைக் கிழித்தெறிந்தார் என்பது எல்லோரும் சொல்லும் கதை. ரீஸ் சொன்ன தாள் வேறு, இது வேறு. அந்த மூலப்பிரதி இன்று இல்லை. இந்தத் தாளிலோ, ஓட்டைக்குக் கீழே பென்சிலில் பீத்தோவன் கையெழுத்திலேயே போனபார்ட்டைப் பற்றி எழுதியது என்று இருக்கிறது. அதே ஆண்டு ஆகஸ்டில், கோபமெல்லாம் தணிந்திருக்க வேண்டிய நேரத்தில், பதிப்பாளருக்கு எழுதிய கடிதத்திலும் இதன் பெயர் உண்மையில் போனபார்ட்தான் என்கிறார். 1806-இல் அச்சானபோது 'எராய்க்கா' ஆகி, ஒரு மாமனிதனின் நினைவைக் கொண்டாட என்ற வாசகம் சேர்ந்தது. சமர்ப்பணம், ஆறு மாத உரிமைக்குப் பணம் கொடுத்த இளவரசர் லோப்கோவிட்ஸுக்கு. கோபம், ஆசை, பணம் மூன்றும் ஒரே சிம்பொனியின் பெயர்க் கதையில் இருக்கின்றன. கிழித்தெறிந்த கதையை மட்டும் மனசில் வைத்துக்கொண்டு கேட்டால், இரண்டாம் பகுதியின் சாவு ஊர்வலத்தில் நெப்போலியனைத் தவிர வேறு யாரும் தெரியமாட்டார்கள். அவ்வளவு பெரிய துக்கத்தை அவர் ஒருவருக்கே கொடுத்துவிட முடியுமா?

பெயர் இல்லாமல் போனதால் நஷ்டப்பட்ட ஒன்றும் உண்டு. ஹைடனின் 96-ஆவது சிம்பொனிக்கு 'அற்புதம்' என்று பெயர். வாசித்து முடிந்ததும் ஹைடனை அருகில் பார்க்க ரசிகர்கள் முன்னால் முண்டியடிக்க, காலியான இருக்கைகள் மேல் பெரிய சரவிளக்கு அறுந்து விழுந்ததாம்; யாருக்கும் பெரிய காயமில்லை. சம்பவம் உண்மை. ஆனால் நடந்தது 1795 பிப்ரவரி 2-இல், லண்டன் கிங்ஸ் தியேட்டரில். அன்று முதன்முதலாக வாசித்தது 102-ஆவது சிம்பொனி. பெயர் 96-க்குப் போய், 102 வெறும் எண்ணாகவே நிற்கிறது. பெயருள்ள தன் சகோதரர்கள் அளவுக்கு அது மேடையேறுவதும் இல்லை. ஹைடன் எழுதியவற்றில் என் முதல் தேர்வு அதுதான். மெதுவான பகுதியில் ஒற்றைச் செல்லோ ஓடிக்கொண்டே இருக்க, டிரம்பெட்டுகளும் டிம்பனியும் ஒலியடக்கி வாசிக்கின்றன. கடைசிப் பகுதியில் வயலின்கள் மெட்டைத் தொடங்கப் போய்த் தயங்கி, மறுபடி தொடங்கி, மறுபடி தயங்குகின்றன. இந்த வாரம் அதை ஒரு தடவை கேட்டுவையுங்கள்.

அடுத்த வாரம் பிராம்ஸ். நான்கு சிம்பொனிகள், நான்குக்கும் எண் மட்டும்தான்.