பழைய கைத்தொலைபேசிக்குப் புத்துயிர்

2020 மார்ச்சில் கொள்ளைநோயினால் இலங்கைப் பாடசாலைகள் மூடப்பட்டபோது, பாடங்கள் கைத்தொலைபேசி வழியே வரலாயின. 2021இல் பதுளை மாவட்டத்து லுணுகலைப் பகுதி மாணவர், அலைத்தொடர்பை நாடி மலையுச்சியில் மரத்தின்மேல் அமைந்த குடிலுக்கு ஏறிச் சென்றனர். 2022இல் ஏறத்தாழ 200 ரூபாவாயிருந்த டொலரின் விலை 360 ரூபாவை எட்டவே, புதிய கருவி தோட்டத்து மக்களுக்கு எட்டாக் கனியாயிற்று. ஆதலின், பழைய கருவியை மீட்கும் முறையை ஈண்டு விளக்க விழைகின்றோம்.

கருவியின் பழுது இருவகைப்படும். வீங்கிய மின்கலமும் உடைந்த திரையும் உறுப்புப் பழுதுகள்; அவற்றை மென்பொருள் தீர்க்காது. கருவி தொடக்கப் படத்திலேயே நின்றுவிடுதலும் ஓயாது தானே அணைந்து எழுதலும் பெரும்பாலும் இயங்குதளத்தின் கோளாறாகும். வேர் நலமாயுள்ள தேயிலைச் செடியே கவ்வாத்தின் பின் தளிர்க்கும், இதுவும் அத்தகையதே.

‘ரீசெட்’ செய்தல் நம் பதிவுகளை மாத்திரம் அழிக்கும். இயங்குதளம் கெட்டிருப்பின் அக்கேடு எஞ்சியே நிற்கும். மீள நிறுவுதலோ அத்தளத்தையே புதிதாய் எழுதுவதாகும்.

முதற்கண், கருவி திறக்குமாயின் படங்களையும் தொலைபேசி எண்களையும் வேறிடத்திற் பிரதி செய்க. அடுத்து, கூகுள் கணக்கை நீக்குக; நீக்காவிடின், அழித்த பின்னரும் கருவி பழைய கணக்கையே கேட்டு நிற்கும். மூன்றாவதாக, மாதிரி எண்ணை எழுத்துப் பிசகாது குறித்து, அதற்குரிய மென்பொருளையே பெறுக. பெயர் ஒன்றாயினும் எண் வேறாயின் கருவி செயலற்றுப் போகலாம். மின்கலத்தைப் பாதிக்கு மேல் நிரப்பி, நல்ல வடத்தினாற் கணினியுடன் இணைத்து, உற்பத்தியாளர் கூறும் பொத்தான்களை அழுத்திப் பணியைத் தொடங்குக. எழுதும் வேளையில் வடத்தைப் பிடுங்குதல் ஆகாது. முதன்முறை எழுவதற்குச் சில நிமிடங்கள் செல்லும், பொறுத்திருத்தல் வேண்டும்.

உற்பத்தியாளர் கைவிட்ட கருவிகள் பலவற்றுக்கு, 2016 டிசெம்பரில் தோன்றிய லினியேஜ் ஓஎஸ் என்னும் இலவச இயங்குதளம் உண்டு. அதற்குக் கருவியின் பூட்டைத் திறத்தல் வேண்டும். அப்போது பதிவுகள் யாவும் அழியும். வங்கிச் செயலிகள் சில அதில் இயங்க மறுத்தலுங் கூடும். எனினும் படிப்பிற்கு அது பெரிதும் உதவும். 2025 தொடக்கத்தில் வாட்ஸ்அப் அண்ட்ராய்ட் 4.4ஐக் கைவிட்டமையால், அத்தகைய பழைய கருவிகளுக்குப் புதிய பதிப்பு இன்றியமையாததாயிற்று.

அன்பர்காள்! நம் அலுமாரிகளில் உறங்குங் கருவிகளை எழுப்பி, கணக்கை நீக்கி, தோட்டத்து இளஞ்சிறார் கையிற் சேர்ப்போமாக. கற்ற கல்லூரிக்கு நாம் செலுத்தும் கடனில் அதுவும் ஒரு கூறாகும்.