பூண்டு ரசம் கற்றுத் தந்த பாடம்!



2023 அக்டோபரில் அமெரிக்காவில், நியூஜெர்ஸியில் இருக்கும் என் மகள் வீட்டுக்குப் போயிருந்தேன். சாப்பிட்டால் வயிறு உப்புசம், வலி என்று அவளுக்கு ரொம்ப நாளாகத் தொந்தரவு. எல்லா டெஸ்ட்டும் எடுத்த டாக்டர் 'ஐ.பி.எஸ்.' என்று சொல்லியிருந்தார். போலீஸ் உத்தியோகம் இல்லீங்க, இது குடல் சமாச்சாரம்!

"குழந்தை இளைச்சுப் போச்சே" என்று போன அன்றே சின்ன வெங்காய சாம்பாரும், வயிற்றுக்கு நல்லதாச்சே என்று பூண்டு ரசமும் வைத்தேன். ஆசையாகச் சாப்பிட்டாள். ராத்திரி ஒரு மணிக்குப் பார்த்தால், ஹாலில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள்.

"வெங்காயம், பூண்டு ரெண்டும் எனக்கு ஒத்துக்கலம்மா. உன் மனசு நோகக் கூடாதுன்னுதான் சாப்பிட்டேன்" என்றாள். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

மறுநாள் அவளே விவரம் சொன்னாள். வெங்காயத்திலும் பூண்டிலும் இருக்கும் ஒருவகை மாவுச்சத்து சிறுகுடலில் ஜீரணமாகாதாம். பெருங்குடலுக்குப் போய்ப் புளித்து, வாயு உண்டாக்குமாம். எல்லோருக்கும் அந்த வாயு உண்டு. இவளைப் போன்றவர்களுக்குத்தான் வலியாகத் தெரிகிறது. ஆஸ்திரேலியாவின் மோனாஷ் பல்கலைக்கழகத்தார் வகுத்த உணவு முறையை டயட்டீஷியன் சொல்லித் தந்திருந்தார். இவளோ பயந்து போய் வெறும் தயிர் சாதத்தில் காலம் தள்ளிக்கொண்டிருந்தாள்.

அது அங்கே இலையுதிர் காலம். கடையெல்லாம் பூசணி வகைகள் குவிந்து கிடக்கும். அதில் 'பட்டர்நட் ஸ்குவாஷ்' என்று ஒன்று, நம் பரங்கிக்காய் இனம்தான். சந்தன நிறத் தோல், நீண்ட கழுத்து. கொஞ்சமாகச் சாப்பிட்டால் அவளுக்கு ஒத்துக்கொள்ளும் என்றாள். அதில் நான் செய்த வறுவல் இதுதான்:

தோலும் விதையும் நீக்கி, ஒரு அங்குலத் துண்டுகளாக 2 கப் நறுக்கவும். 2 டீஸ்பூன் எண்ணெயில் 2 பூண்டுப் பல்லைச் சிவக்க வறுத்து, பல்லை எடுத்துப் போட்டுவிடவும். அந்தச் சத்து தண்ணீரில் கரையும், எண்ணெயில் கரையாது. அதனால் வாசனை மட்டும் மிஞ்சும். (இந்த எண்ணெயை மீத்து வைக்காமல் அன்றே தீர்த்துவிடுங்கள்.) அதில் அரை டீஸ்பூன் உப்பு, கால் டீஸ்பூன் மஞ்சள்தூள், அரை டீஸ்பூன் சீரகத்தூள், துளி மிளகுத்தூள் கலந்து காயைப் பிசறவும். தட்டில் ஒன்றின்மேல் ஒன்று விழாமல் பரப்பவும். நெருக்கினால் தண்ணீர் விட்டு வெந்துவிடும், வறுபடாது. 400 டிகிரி பாரன்ஹீட் (சுமார் 200 செல்சியஸ்) சூட்டில் அவனில் அரை மணி நேரம். நடுவில் ஒருமுறை திருப்பிவிட்டால் போதும்.

ஓரம் லேசாகச் சிவந்து, உள்ளே அல்வா மாதிரி இருந்தது. "ஒருவேளைக்கு நாலு துண்டுதான்" என்று அளவாகப் போட்டேன். சாதத்தோடு ரசித்துச் சாப்பிட்டவள், அன்று ராத்திரி நிம்மதியாகத் தூங்கினாள். காலையில், "இன்னைக்கும் அதையே பண்றியாம்மா?" என்றாள். அந்தக் கேள்வியைக் கேட்கத்தானே அத்தனை தூரம் போனேன்!

அவன் இல்லாதவர்கள் நன்கு முற்றிய பரங்கிக்காயை இரும்பு தோசைக்கல்லில் போட்டு, சின்னத் தீயில் ஐந்து நிமிஷம் மூடி வைத்து, பிறகு திறந்து திருப்பித் திருப்பி வறுக்கலாம். ஒருத்தர் வயிறு போல இன்னொருத்தர் வயிறு இருக்காது. முதலில் டாக்டரிடம் காட்டிவிட்டு, பிறகு கொஞ்சமாகக் கொடுத்துப் பாருங்கள்.

ஊருக்கெல்லாம் நல்லது என்று நாம் நினைப்பது, நம் பிள்ளைக்கு ஆகாமல் போகலாம். இப்போதெல்லாம் யாருக்குச் சமைத்தாலும், "உங்களுக்கு எது ஒத்துக்கும்?" என்று கேட்டுவிட்டுத்தான் அடுப்பைப் பற்ற வைக்கிறேன்.

- ஒரு வாசகி, கும்பகோணம்.