வாட்ஸ்அப்பில் 'ஆர்டிஓ சலான்.ஏபிகே' வந்திருக்கா? தொடுறதுக்கு முன்னாடி இதைப் படிங்க!

"உங்கள் வாகனம் சிக்னலை மீறியுள்ளது. அபராத விவரம் கீழே." வாட்ஸ்அப்பில் இப்படி ஒரு மெசேஜ், கூடவே 'ஆர்டிஓ சலான்.ஏபிகே' என்று ஒரு ஃபைல். சில நேரம் இது கல்யாணப் பத்திரிகையாக வரும், சில நேரம் வங்கி கேஒய்சியாக வரும். பெயர்தான் மாறுகிறது. கடைசி மூன்று எழுத்து அதேதான். பார்க்க வேண்டியதும் அதைத்தான்.

அந்த மூன்று எழுத்தில் என்ன இருக்கு?

ஃபைல் பெயரில் கடைசிப் புள்ளிக்குப் பின்னால் வருவதுதான் அது என்ன வகை என்று சொல்லும். ஜேபிஜி என்றால் போட்டோ, பிடிஎஃப் என்றால் ஆவணம். ஏபிகே என்றால் ஆண்ட்ராய்டு ஆப். ஒரு பத்திரிகையைப் பார்க்க எதற்கு ஆப்?

'இன்விடேஷன்.பிடிஎஃப்.ஏபிகே' என்று இரட்டை வாலோடும் வரலாம். கடைசி வால்தான் நிஜம். விண்டோஸ் கம்ப்யூட்டரில் இந்த வால் வழக்கமாக மறைந்திருக்கும். அதனால் 'பில்.பிடிஎஃப்.இஎக்ஸ்இ' என்ற புரோகிராம், வெறும் 'பில்.பிடிஎஃப்' போலவே தெரியும்.

'ஓடிபியை யாருக்கும் சொல்லலையே, பணம் எப்படிப் போச்சு?'

நீங்கள் சொல்ல வேண்டியதே இல்லை. இன்ஸ்டால் ஆனதும் அந்த ஆப் எஸ்எம்எஸ் படிக்க அனுமதி கேட்கும். 'அலோ' கொடுத்தால், வங்கியிலிருந்து வரும் ஓடிபி நேராக மோசடிக்காரருக்குப் போய்விடும். 'அக்சஸிபிலிட்டி' அனுமதியும் கொடுத்துவிட்டால், திரையில் இருப்பதைப் படிக்கும், உங்களுக்குப் பதிலாக பட்டனையும் அழுத்தும். உங்கள் கான்டாக்ட்டில் உள்ளவர்களுக்கு அதே ஃபைலை அனுப்பவும் செய்யலாம். அதனால் 'மாமா நம்பர்லேர்ந்துதானே வந்திருக்கு' என்று நம்ப முடியாது. அவருக்கு ஒரு போன் போட்டுக் கேட்டுவிடுங்கள்.

லிங்க் வந்தால்?

முகவரியில் முதல் ஒற்றைச் சாய்கோட்டுக்கு முன்னால் உள்ள பகுதி எப்படி முடிகிறது என்று பாருங்கள். மத்திய, மாநில அரசுத் தளங்கள் பெரும்பாலும் 'ஜிஓவி.இன்' என்று முடியும். அதே எழுத்துகள் நடுவில் இருந்து, 'ஷாப்', 'எக்ஸ்ஒய்இஸட்' என்று முடிந்தால் விலகிவிடுங்கள். சுருக்கப்பட்ட லிங்க்கில் எங்கே போகிறோம் என்பதே தெரியாது. சந்தேகமாக இருந்தால், லிங்க்கைத் திறக்காமல் காப்பி செய்து 'வைரஸ்டோட்டல்' தளத்தில் போட்டுப் பார்க்கலாம். அங்கே ஆபத்து இல்லை என்று வந்தாலும் அது முழு உத்தரவாதம் ஆகாது. புத்தம் புதிய லிங்க் அதில் சிக்காமல் போகலாம்.

தொட்டாச்சு, இப்ப என்ன செய்யணும்?

டவுன்லோட் மட்டும்தான் ஆகியிருக்கிறது என்றால் பதற வேண்டாம், அழித்துவிடுங்கள். இன்ஸ்டால் செய்துவிட்டால் வேகம் முக்கியம்.

1. மொபைல் டேட்டா, வைஃபை இரண்டையும் அணையுங்கள். சிம்மைக் கழற்றி வேறு போனில் போடுங்கள்.

2. அந்த போனிலிருந்து வங்கியை அழைத்து யுபிஐ, நெட் பேங்கிங், கார்டு எல்லாவற்றையும் முடக்கச் சொல்லுங்கள்.

3. பணம் போயிருந்தால் உடனே 1930-ஐ அழையுங்கள். தேசிய சைபர் குற்றப் புகார் தளத்திலும் பதிவு செய்யுங்கள். பணம் அடுத்தடுத்த கணக்குகளுக்கு மாறுவதற்குள் சொன்னால்தான் நிறுத்திவைக்க வாய்ப்பு அதிகம்.

4. போட்டோக்களை எடுத்து வைத்துவிட்டு, போனை ஃபேக்டரி ரீசெட் செய்யுங்கள். அதன் பிறகு பாஸ்வேர்டுகளை மாற்றுங்கள்.

புகாரைத் தள்ளிப்போடாமல் இருக்க இன்னொரு காரணமும் உண்டு. வாடிக்கையாளரின் கவனக்குறைவால் பணம் போனால், வங்கிக்குத் தகவல் சொல்லும் வரையிலான இழப்பு அவருடையது என்று ரிசர்வ் வங்கியின் 2017 சுற்றறிக்கை சொன்னது. சொன்ன பிறகு நடப்பது வங்கியின் பொறுப்பு என்றது. 'வீட்டுல திட்டுவாங்களே' என்று தயங்கும் நேரமும் உங்கள் கணக்கில்தான் கழியும்.

அபராதம் நிஜமாகவே இருக்குமோ என்ற சந்தேகமா? 'பரிவாஹன்' தளத்தின் முகவரியை நீங்களே டைப் செய்து, வண்டி நம்பரைப் போட்டுப் பாருங்கள். இருந்தால் அங்கேயே கட்டிவிடலாம், அதற்கு எந்த ஏபிகே-யும் வேண்டாம்.